தகுதிகாண் பருவத்தில் வேலை போனால்: சீருடைப் பணிக்குப் போன மலைப்பிள்ளைகள் கேட்கும் கேள்விகள்

ஒரு சீருடைத் துறையின் மாவட்ட அலுவலகத்தில் 31 ஆண்டுகள் அமைச்சுப் பணியாளனாக, அதாவது எழுத்து வேலை பார்ப்பவனாக இருந்து ஓய்வு பெற்றவன் நான். பணியிலிருந்து விடுவிக்கும் ஆணைகளை வரைவு எழுதி, கோப்பைக் கட்டி, அதிகாரியின் மேசையில் கையெழுத்துக்கு வைத்த கை இது. இப்போது கோத்தகிரியில் வீட்டோடு இருக்கிறேன். மாதத்துக்கு ஒருவராவது படியேறி வருகிறார். பிளாஸ்டிக் உறைக்குள் நான்காக மடித்த ஒரு தாள், அதைப் பிடித்தபடி ஒரு பையன் அல்லது பெண், பின்னால் அப்பாவோ மாமாவோ. உறைக்குள் இருந்தும் தாள் பனியில் நமுத்துப் போயிருக்கும். கேட்பவை பெரும்பாலும் ஒரே கேள்விகள்தாம் என்பதால் எழுதி வைக்கிறேன். வழக்கறிஞர் கட்டணத்தை மிச்சப்படுத்த இது உதவாது. அவர் முன்னால் உட்காரும்போது எந்தத் தாளை முதலில் எடுத்து நீட்டுவது என்று தெரிந்துகொள்ள உதவும்.

தகுதிகாண் பருவத்தில் இருப்பவரை வீட்டுக்கு அனுப்ப அரசுக்கு உண்மையிலேயே அதிகாரம் இருக்கிறதா?

இருக்கிறது. "அரசு வேலை, யாராலும் கை வைக்க முடியாது" என்று ஊரில் சொல்லி அனுப்பியிருப்பார்கள். அது தகுதிகாண் பருவம் முடித்தவருக்கான பேச்சு. சோதித்துப் பார்ப்பதற்காகவே வைத்திருக்கும் காலம் இது. அந்தக் காலத்தில் பதவியின் மேல் உங்களுக்கு உரிமை பிறப்பதில்லை என்று உச்ச நீதிமன்றம் 1957-இலேயே, பர்ஷோத்தம் லால் டிங்ரா வழக்கில் சொல்லிவிட்டது. அரசமைப்பின் 309-ஆம் பிரிவின்கீழ் வரும் பணி விதிகளிலும், உங்கள் நியமன ஆணையின் நிபந்தனைகளிலும் இந்த அதிகாரம் எழுதப்பட்டிருக்கும். நியமன ஆணையை வாங்கிய அன்று சம்பள விகிதத்தைப் பார்த்திருப்பீர்கள். அடியில் உள்ள நிபந்தனைகளை வாசித்தவரை நான் இன்னும் சந்திக்கவில்லை.

அதே தீர்ப்பில் இன்னொரு பாதியும் உண்டு. விடுவிப்பு என்ற பெயரில் கொடுப்பது உண்மையில் தண்டனையாக இருந்தால், தகுதிகாண் பருவத்தினருக்கும் அரசமைப்பின் 311-ஆம் பிரிவின் பாதுகாப்பு உண்டு. குற்றச்சாட்டு, விசாரணை, பதில் சொல்ல வாய்ப்பு எல்லாம் வேண்டும். ஆகவே அதிகாரம் உண்டா என்று வாதாடிப் பயனில்லை. யார் கையெழுத்திட்டார், எப்போது இட்டார், எதை அடிப்படையாக வைத்தார், எந்தச் சொற்களில் எழுதினார் என்ற நான்கில்தான் வழக்கு நிற்கும் அல்லது விழும்.

தகுதிகாண் பருவம் எத்தனை ஆண்டு?

தமிழ்நாட்டுப் பணிகளில் பெரும்பாலும் "தொடர்ச்சியான மூன்று ஆண்டுக் காலத்துக்குள் இரண்டு ஆண்டுப் பணி" என்று இருக்கும். பணி நாள்தான் கணக்கு. நீண்ட விடுப்பில் போனால் அந்த நாட்கள் கழியும், பருவம் தள்ளிப்போகும். மத்தியத் தொழிற் பாதுகாப்புப் படையில் இரண்டு ஆண்டு. மத்திய ரிசர்வ் காவல் படையின் 1955-ஆம் ஆண்டு விதிகள் இன்னும் கறாரானவை: சேர்ந்த முதல் மூன்று ஆண்டுகளுக்குள் நியமன அதிகாரி ஒரு மாத முன்னறிவிப்புக் கொடுத்து விடுவிக்கலாம். மத்திய அரசின் தற்காலிகப் பணியாளர்களுக்கு 1965-ஆம் ஆண்டு தற்காலிகப் பணி விதிகள் உண்டு. அதிலும் ஒரு மாத அறிவிப்பு அல்லது அதற்கு ஈடான சம்பளம்.

இரண்டு ஆண்டு முடிந்து ஆறு மாதம் ஆகிறது. முடித்ததாக ஆணை வரவில்லை. தானாகவே நிரந்தரம் ஆகிவிட்டேனா?

பெரும்பாலும் இல்லை. இது விதியின் வாசகத்தைப் பொறுத்தது. பருவத்தை இதற்கு மேல் நீட்டிக்கவே முடியாது என்று உச்ச வரம்பு போட்டிருக்கும் விதியில், வரம்பு தாண்டியும் உங்களை வேலையில் வைத்திருந்தால் உறுதிப்படுத்தியதாகவே கொள்ள வேண்டும் என்று 1968-இல் தரம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வரம்பே இல்லாத விதியில், ஆணை வரும்வரை நீங்கள் தகுதிகாண் பருவத்தினர்தான். வரம்பும் இருந்து, "உறுதிப்படுத்தும் ஆணை தேவை" என்றும் விதி சொன்னால் அப்போதும் ஆணைக்குக் காத்திருக்க வேண்டும்.

ஆணை தாமதமாவதற்கு அலுவலகத்துக்குள் நடப்பதைச் சொல்கிறேன். துறைத் தேர்வு முடிவு பணிப்பதிவேட்டில் பதிவாகவில்லை, கல்விச் சான்றின் உண்மைத்தன்மை அறிக்கை வரவில்லை, அல்லது அந்தப் பிரிவின் உதவியாளர் மாறுதலில் போய்விட்டார். இந்த மூன்றில் ஒன்றாகத்தான் பெரும்பாலும் இருக்கும். எழுத்தில் ஒரு விண்ணப்பம் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கி வையுங்கள். வாயால் கேட்டதற்கு எந்தக் கோப்பிலும் இடமில்லை.

ஆணையில் யார் கையெழுத்து இருக்க வேண்டும்?

உங்களை நியமித்த அதிகாரி, அல்லது அவருக்கு இணையான அல்லது மேலான அதிகாரி. அவருக்குக் கீழ் உள்ளவர் பணியறவோ (டிஸ்மிஸல்) பணிநீக்கமோ (ரிமூவல்) செய்யக் கூடாது என்பது 311-ஆம் பிரிவின் முதல் உட்பிரிவு. இரண்டாம் நிலைக் காவலர் என்றால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர். சிறப்புக் காவல் படையணி என்றால் தளவாய். பயிற்சிப் பள்ளியின் முதல்வர் "போ" என்று சொல்லி, பெட்டியோடு வாசலில் விட்டுவிட்டால் அது ஆணை ஆகாது. நியமன ஆணையையும் விடுவிப்பு ஆணையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இரண்டின் அடியிலும் உள்ள பதவிப் பெயரை ஒப்பிடுங்கள். இரண்டே நிமிட வேலை.

இது நம் ஊர்த் தலைவலி மட்டும் அல்ல. 2025 பிப்ரவரியில் அமெரிக்க ஒன்றிய அரசு, தகுதிகாண் பருவத்தில் இருந்த ஆயிரக்கணக்கான ஊழியர்களை மொத்தமாக அனுப்பியது. விமான நிலையப் பயணிகளைச் சோதிக்கும் போக்குவரத்துப் பாதுகாப்பு நிர்வாகத்திலும் ஆட்கள் போனார்கள். அந்த மாத இறுதியில் சான்பிரான்சிஸ்கோ நீதிபதி ஒருவர் எழுப்பிய கேள்வியும் ஏறக்குறைய இதுவே: பணியாளர் மேலாண்மை அலுவலகம் என்ற ஓர் அலுவலகம், வேறு துறைகளின் ஊழியர்களை நீக்கச் சொல்லி உத்தரவிடச் சட்டத்தில் இடம் எங்கே? இடமில்லை என்றார் அவர். மீண்டும் வேலையில் சேர்க்கச் சொல்லி அவர் அடுத்து இட்ட உத்தரவை ஏப்ரலில் அவர்களது உச்ச நீதிமன்றம் நிறுத்தி வைத்தது; வழக்குத் தொடுத்த அமைப்புகளுக்கு வழக்கிடும் தகுதி இல்லை என்பது அதற்குச் சொன்ன காரணம். கடல் தாண்டினாலும் கையெழுத்துப் பிரச்சினை கையெழுத்துப் பிரச்சினைதான்.

விசாரணையே இல்லாமல் அனுப்பிவிட்டார்கள். செல்லுமா?

இங்கேதான் நிதானமாக உட்கார வேண்டும். இரண்டு ஆணை வாசகங்களைப் பாருங்கள். இரண்டும் நான் இங்கே கற்பனையாக எழுதியவை. ஆனால் இதே அச்சில் எத்தனையோ தட்டச்சு செய்திருக்கிறேன்.

முதலாவது: "தகுதிகாண் பருவத்தில் இவரது பணித்திறன் நிறைவளிக்கும் வகையில் அமையாததால், நியமன நிபந்தனைகளின்படி இன்று பிற்பகல் முதல் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறார்."

இரண்டாவது: "குடிபோதையில் விடுதிக்கு வந்து சக காவலரைத் தாக்கியது தெரியவருவதாலும், ஒழுக்கமான படையில் நீடிக்கத் தகுதியற்றவர் என்பதாலும் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறார்."

முதலாவது பெரும்பாலும் நிற்கும். ஒடிசாவில் தகுதிகாண் பருவத்தில் இருந்த உதவி ஆய்வாளர் ராம் நாராயண் தாஸ், தன் வேலையும் நடத்தையும் நிறைவளிக்கவில்லை என்று எழுதி விடுவித்ததை எதிர்த்தார். தகுதியை மதிப்பிட்டதுதான் அது, களங்கம் அல்ல என்று உச்ச நீதிமன்றம் அவர் வழக்கைத் தள்ளியது. இரண்டாவது வாசகம் அந்தப் பிள்ளையின் நெற்றியில் பச்சை குத்திவிடுகிறது. அடுத்த வேலைக்கு அவர் அந்த ஆணையைக் காட்டினால் யார் சேர்ப்பார்கள்? அப்படி எழுத வேண்டுமென்றால் முறையான குற்றக் குறிப்பாணை கொடுத்து விசாரித்திருக்க வேண்டும். காவல்துறையில் இதை "மூன்று பி" என்பார்கள், மற்றத் துறைகளில் "பதினேழு பி"; 1955-ஆம் ஆண்டு ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் உள்ள எண்கள் அவை. அரசுப் பணியில் வைத்திருக்க விரும்பத்தகாதவர் என்று ஒரு தற்காலிக ஊழியரின் ஆணையில் எழுதியதையே, 1960-களில் ஜகதீஷ் மிட்டர் வழக்கில் களங்கம் என்று நீதிமன்றம் எடுத்துக்கொண்டது.

தீர்ப்புகளில் தூண்டுதல், அடித்தளம் என்று இரண்டு சொற்களைத் திரும்பத் திரும்பப் பார்ப்பீர்கள். உங்களைப் பற்றி ஒரு புகார் வந்தது, அதிகாரி அதை விசாரித்துத் தீர்ப்புச் சொல்லப் போகவில்லை, "இந்தச் சிக்கலே வேண்டாம், வேலையும் சுமார்தான்" என்று அனுப்பிவிட்டார் என்றால் புகார் வெறும் தூண்டுதல், ஆணை நிற்கும். உங்களுக்குத் தெரியாமல் சாட்சிகளை விசாரித்து, "இவர்தான் செய்தார்" என்று முடிவுகட்டி, அந்த முடிவின் மேலேயே ஆணை எழுந்திருந்தால் புகார் அடித்தளம், ஆணை விழும். 2001-இல் பவனேந்திர நாராயண் வர்மா வழக்கில் இதற்கு ஓர் அளவுகோல் சொன்னார்கள்: முழு அளவிலான முறையான விசாரணை நடந்ததா, ஒழுக்கக்கேடு அல்லது தவறான நடத்தை பற்றியா, குற்றவாளி என்ற முடிவில் போய் நின்றதா. மூன்றும் சேர்ந்திருந்தால் ஆணையின் வாசகம் எவ்வளவு பணிவாக இருந்தாலும் அது தண்டனை. மூன்றில் ஒன்று குறைந்தாலும் ஆணை தப்பித்துவிடும்.

எனக்கு இதில் ஒரு குறை உண்டு. நன்றாக வரைவு எழுதத் தெரிந்த எழுத்தர் இருக்கும் அலுவலகத்தில் பையன் தோற்பான். எழுதத் தெரியாத எழுத்தர் இருக்கும் அலுவலகத்தில் பையன் ஜெயிப்பான். நான் நன்றாக எழுதத் தெரிந்தவனாக இருந்தேன் என்பதை நினைத்தால் சில இரவுகளில் தூக்கம் வருவதில்லை.

ஆணையில் ஒரு குறையும் எழுதவில்லை. ஆனால் உண்மைக் காரணம் வேறு என்று எனக்குத் தெரியும். அதை நீதிமன்றம் பார்க்குமா?

பார்க்கும். 1974-இல் ஏழு நீதிபதிகள் அமர்ந்த சம்ஷேர் சிங் வழக்கிலேயே, ஆணையின் வடிவம் முடிவான சாட்சியல்ல, உள்ளடக்கம்தான் முக்கியம் என்று சொல்லிவிட்டார்கள்.

சீருடைக்காரர்கள் மனப்பாடமாக வைத்திருக்க வேண்டிய வழக்கு அனூப் ஜெய்ஸ்வால் வழக்கு. ஐதராபாத்தில் உள்ள தேசியக் காவல் அகாதமியில் 1981 ஜூனில் ஒரு மழைக்காலை. பயிற்சியில் இருந்த ஐபிஎஸ் அதிகாரிகள் உடற்பயிற்சிக்கு இருபது நிமிடத்துக்கு மேல் தாமதமாக வந்து சேர்ந்தார்கள். எல்லோரிடமும் விளக்கம் கேட்டார்கள்; ஜெய்ஸ்வாலைத்தான் தலைமை தாங்கியவர் என்று கருதி அவரை மட்டும் விடுவித்தார்கள். ஆணையில் அதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. உச்ச நீதிமன்றம் 1984-இல் திரையை விலக்கிப் பார்த்தது. அந்தத் தாமதம்தான் ஆணையின் அடித்தளம், விசாரணை இல்லாமல் கொடுத்த தண்டனை இது என்று ரத்து செய்து அவரை மீண்டும் பணியில் சேர்க்கச் சொன்னது. 2000-இல் உத்தரப் பிரதேச ஆயுதக் காவல் படைக் காவலர் சந்திர பிரகாஷ் ஷாஹியின் வழக்கும் இதே சாயல்: காவலர்களுக்குள் ஒரு சண்டை, உள்ளுக்குள் ஒரு விசாரணை, வெளியே ஒரு சாதுவான ஆணை. அதுவும் விழுந்தது.

உங்கள் ஆணையில் இதைத் தேட வேண்டிய இடத்தைச் சொல்கிறேன். மேலே "செயல்முறைகள்" என்று இருக்கும், "முன்னிலை" என்று அதிகாரியின் பெயர், "ந.க.எண்" என்ற கோப்பு எண், பிறகு "பொருள்", அதற்குக் கீழே "பார்வை". எல்லோரும் நேரே கடைசிப் பத்திக்குப் போய்விடுகிறார்கள். "பார்வை"யை வாசியுங்கள். "2. உதவி ஆய்வாளரின் விசாரணை அறிக்கை, நாள்..." என்று ஒரு வரி அங்கே உட்கார்ந்திருந்தால், உங்களுக்குக் கொடுக்காத ஓர் அறிக்கையை வைத்து ஆணை போட்டிருக்கிறார்கள் என்று பொருள். ஆணையில் களங்கமான சொல் இல்லாவிட்டாலும் அது சுட்டும் ஆவணத்தில் இருந்தால் போதும் என்று 1999-இல் தீப்தி பிரகாஷ் பானர்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. போன ஆண்டு ஒரு பெண் கொண்டுவந்த தாளில், இறுதிப் பத்தி வெண்ணெய் மாதிரி வழுக்கியது. பார்வை வரிகள் ஐந்தில் மூன்று விசாரணை அறிக்கைகள். வரைவு எழுதியவர் கோப்பில் இருந்ததையெல்லாம் கடமை தவறாமல் பட்டியல் போட்டுவிட்டார். அவருக்கு என் வந்தனம்.

பச்சைத் தேயிலை விலைக்காக ஊரோடு சேர்ந்து மறியல் செய்தேன். வழக்கு இருந்தது. சரிபார்ப்புப் படிவத்தில் எழுதவில்லை. இப்போது குறிப்பாணை வந்திருக்கிறது. என்ன ஆகும்?

மலையில் இதுதான் அதிகம். சாலையில் உட்கார்ந்த ஐம்பது பேர் மேல் வழக்குப் போடுவார்கள். சட்டவிரோதமாகக் கூடியது, வழிமறித்தது என்று பழைய தண்டனைச் சட்டத்தின் 143, 341. ஒரு நாள் எல்லோரையும் வேனில் ஏற்றிக் கோர்ட்டுக்கு அழைத்துப்போவார்கள், "ஒத்துக்கொண்டு அபராதம் கட்டுங்கள், முடிந்தது" என்பார்கள். கட்டிவிட்டு டீ குடித்து வீடு திரும்புவீர்கள். அது முடிந்ததாக நீங்கள் நினைக்கிறீர்கள். சட்டத்தின் கண்ணில் அன்றைக்கு நீங்கள் குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டனை பெற்றவர். தொகை நூறானாலும் ஐந்நூறானாலும் அது தண்டனைத் தீர்ப்பு. படிவத்தில் "எப்போதாவது கைது செய்யப்பட்டீரா, வழக்கு இருந்ததா, தண்டனை பெற்றீரா" என்ற கேள்விக்கு "இல்லை" என்று எழுதினால், வழக்கைவிடப் பெரிய குற்றம் அந்த "இல்லை".

இந்த விஷயத்தில் தலைமைத் தீர்ப்பு, 2016-இல் மூன்று நீதிபதிகள் அமர்ந்து முடிவு செய்த அவ்தார் சிங் வழக்கு. மறைத்தாலே உடனே தலை போக வேண்டும் என்று அதில் சொல்லவில்லை. சிறு வயதில் கோஷம் போட்டது போன்ற அற்ப வழக்கு என்றால், சொல்லியிருந்தாலும் வேலைக்குத் தடையாகியிருக்காது என்ற நிலையில், மறைத்ததை மன்னிக்க அதிகாரிக்கு விருப்புரிமை உண்டு. படிவத்தில் கேட்காத ஒன்றைச் சொல்லாதது மறைப்பு ஆகாது. மறுபக்கம், உண்மையைச் சொல்லிவிட்டாலும் கட்டாயம் வேலை தர வேண்டும் என்பது இல்லை. முன்னடத்தையை அதிகாரி எடை போடலாம். 2022-இல் ரயில்வே பாதுகாப்புப் படைக்காரர் பவன் குமார் வழக்கில், மறைத்தார் என்ற ஒன்றை மட்டும் வைத்து இயந்திரம் போல் வெளியேற்றக் கூடாது என்றார்கள். அதே ஆண்டு சதீஷ் சந்திர யாதவ் வழக்கில், சீருடைப் படைக்கு வருபவரிடம் கூடுதல் நேர்மையை எதிர்பார்க்கலாம் என்று ரிசர்வ் காவல் படைப் பக்கம் நின்றார்கள். தமிழ்நாட்டுக் காவல் பணியில் இன்னொரு முள்: சந்தேகத்தின் பலனால் விடுதலை ஆனவரைத் தகுதியற்றவராகக் கருத விதியில் இடம் உண்டு, சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வும் 2008-இல் அதை ஏற்றுக்கொண்டது.

ஆகவே பதிலில் "எனக்குத் தெரியாது" என்று எழுதாதீர்கள். வழக்கு எண், அன்று உங்கள் வயது, கூட்டத்தில் எத்தனை பேர், யாரையும் தாக்கியதாகக் குற்றச்சாட்டு உண்டா, அபராதம் கட்டினால் தண்டனை என்று யாராவது விளக்கினார்களா என்பதை வரிசையாக எழுதுங்கள். இனிமேல் விண்ணப்பிக்கப் போகிறவர்கள் படிவத்தை நிரப்பும் முன்பு காவல் நிலையத்தில் ஒருமுறை கேட்டுவிடுங்கள். முதல் தகவல் அறிக்கையில் "மற்றும் பலர்" என்பதற்குள் உங்கள் பெயர் பின்னால் நுழைந்திருக்கலாம்.

விடுப்பில் வந்தேன், மண்சரிவில் சாலை அடைபட்டது. தாமதமாகப் போனதற்கு "தகுதியற்றவர்" என்று அனுப்பலாமா?

சமவெளியில் இருக்கும் அதிகாரிக்குப் பர்லியாறு எங்கே இருக்கிறது என்று தெரியாது. "மேட்டுப்பாளையத்துக்கு ஒரு மணி நேரம்தானே" என்பார். 2009 நவம்பரில் ஒரே மழையில் 40-க்கும் மேற்பட்டோர் மாண்ட மாவட்டம் இது என்பதை நாம்தான் தாளில் காட்ட வேண்டும். பந்தலூர்ப் பக்கத்துப் பையன் ஒருவன் இரண்டு பஸ் டிக்கெட்டுகளைப் பத்திரமாக வைத்திருந்தான்: பாதி வழியில் திருப்பி அனுப்பிய பஸ்ஸின் டிக்கெட் ஒன்று, மூன்று நாள் கழித்துச் சுற்றுவழியில் கேரளம் வழியாகப் போன டிக்கெட் ஒன்று. வட்டாட்சியர் சான்றைவிட அந்த இரண்டு சீட்டுகள்தாம் பேசின. அவன் வேலை தங்கியது.

சாலை அடைபட்ட அன்றே பயிற்சிப் பள்ளிக்குத் தந்தியடிக்கும் காலம் போய்விட்டது. கைபேசியில் செய்தி அனுப்பி, அதைப் படம் பிடித்து வையுங்கள். காவல் பணியில் 21 நாள் சொல்லாமல் வராதிருந்தால் விட்டோடி என்று அறிவித்துவிடுவார்கள். அதன் பிறகு மண்சரிவுக் கதை எடுபடாது.

"நீயே எழுதிக்கொடுத்துவிட்டுப் போ, பதிவேட்டில் கறை இருக்காது" என்கிறார்கள். எழுதிக்கொடுக்கலாமா?

ஒரு இரவு தூங்கி எழுந்துவிட்டு முடிவு செய்யுங்கள். ராஜினாமா உங்கள் விருப்பப்படி நடந்ததாகவே நிற்கும். பிறகு "மிரட்டினார்கள்" என்று நிரூபிப்பது உங்கள் பொறுப்பு. பயிற்சிச் செலவைத் திருப்பிக் கட்டச் சொல்லும் நிபந்தனை நியமன ஆணையில் இருந்தால் அந்தப் பணமும் உங்கள் தலையில் விழும். ஏற்றுக்கொண்டதாக ஆணை வரும்வரை ராஜினாமாவைத் திரும்பப் பெறலாம். பெறுவதென்றால் எழுத்தில், பதிவஞ்சலில். வெற்றுத்தாளில் மட்டும் எந்தக் காரணத்துக்காகவும் கையெழுத்துப் போடாதீர்கள். நான் சேர்ந்த புதிதில் ஒரு மேசை இழுப்பறையில் அப்படிப்பட்ட தாள்களைக் கற்றையாகப் பார்த்திருக்கிறேன்.

கர்ப்பமாக இருப்பதைச் சொல்லவில்லை என்று அனுப்பினால்?

ஆயுள் காப்பீட்டுக் கழகத்தில் தகுதிகாண் பருவத்தில் இருந்த நீரா மாத்தூர், மகப்பேறு விடுப்பு கேட்டுப் போனபின் விடுவிக்கப்பட்டார். சேரும்போது கொடுத்த படிவத்தில் பொய் சொன்னார் என்றார்கள். அந்தப் படிவத்தை வாசித்த உச்ச நீதிமன்றம், மாதவிடாய் நாட்களையும் கருத்தரிப்பையும் கேட்கும் கேள்விகள் ஒரு பெண்ணின் கண்ணியத்துக்கு இழுக்கு என்று சொல்லி, அவரை மீண்டும் வேலையில் சேர்க்க உத்தரவிட்டது. 1990-களின் தொடக்கத்தில் வந்த தீர்ப்பு. சீருடைப் பயிற்சியில் உடல்தகுதி தனிக் கேள்வி. பயிற்சியைத் தள்ளிவைக்கலாம், அதற்காக வேலையைப் பறிப்பது வேறு.

நான் முதுமலையில் வேட்டைத் தடுப்புக் காவலர். இதெல்லாம் எனக்குப் பொருந்துமா?

வருத்தத்தோடு சொல்கிறேன், பெரும்பாலும் பொருந்தாது. வனக்காப்பாளர், வனக்காவலர் முறையான பணியிடங்கள். அவர்களுக்குத் தகுதிகாண் பருவம் உண்டு. யானையைத் துரத்துவதும் இரவு ரோந்தும் உங்கள் தலையில் இருந்தாலும் தாளில் நீங்கள் தற்காலிகத் தொகுப்பூதியத்தில் இருப்பவர். 2006-இன் உமாதேவி தீர்ப்புக்குப் பிறகு, நீண்ட காலம் வேலை செய்தேன் என்பதை மட்டும் வைத்து நிரந்தரம் கேட்பது கடினம். ஆனாலும் திருடன் என்று பட்டம் கட்டி அனுப்பினால், கேட்காமல் கட்டக் கூடாது என்ற இயற்கை நீதி உங்களுக்கும் உண்டு.

ஊர்க்காவல் படை தன்னார்வப் பணி. முன்னாள் படைவீரர் கழகமான டெக்ஸ்கோ மூலம் அரசு அலுவலக வாசலில் நிற்கும் முன்னாள் படைவீரர்கள் ஒப்பந்தத்தில் இருப்பவர்கள். குன்னூர் பக்கத்து வெலிங்டனில் பயிற்சி பெறும் ராணுவ ரெக்ரூட்டுக்கு 311-ஆம் பிரிவே கிடையாது. 1950-ஆம் ஆண்டு ராணுவச் சட்டமும் 1954-ஆம் ஆண்டு விதிகளும்தான். "திறமையான படைவீரராக ஆகும் வாய்ப்பில்லை" என்று எழுதி விடுவிக்க அங்கே தனி இடமே வைத்திருக்கிறார்கள். அதை எதிர்த்துப் போக வேண்டிய இடம் ஆயுதப்படைத் தீர்ப்பாயம். சென்னையில் அமர்வு உண்டு. பாதுகாப்புத் துறையில் வேலை செய்யும் சிவில் ஊழியருக்கும் 311 கிடையாது. அவருக்குத் துணை, தம் பணி விதிகளும் சமத்துவத்தைப் பேசும் 14-ஆம் பிரிவும்.

எங்கே போய் முறையிடுவது?

முதலில் துறைக்குள்ளேயே மேல்முறையீடு. கண்காணிப்பாளர் ஆணை என்றால் சரகத்தின் காவல்துறைத் துணைத் தலைவருக்கு. நீலகிரிக்குக் கோவைச் சரகம், கொடைக்கானலுக்குத் திண்டுக்கல். கெடு ஆணையிலோ விதியிலோ இருக்கும், தவறவிடாதீர்கள்.

அடுத்தது உயர் நீதிமன்றம், அரசமைப்பின் 226-ஆம் பிரிவில் நீதிப்பேராணை மனு. மாநில ஊழியர்களுக்கான தனித் தீர்ப்பாயம் இப்போது இல்லை. உதகை, குன்னூர், கூடலூர்க்காரர்கள் சென்னைக்குப் போக வேண்டும். கொடைக்கானல், பூம்பாறை, தாண்டிக்குடிக்காரர்கள் 2004-இல் தொடங்கிய மதுரைக் கிளைக்குப் போகலாம்; வத்தலக்குண்டு இறங்கினால் மதுரை பக்கம்தான். பழனிமலைக்காரர்கள்மேல் எனக்குள்ள ஒரே பொறாமை அது.

மத்திய அரசின் மற்ற ஊழியர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கு ஓராண்டுக்குள் போக வேண்டும். தொழிற் பாதுகாப்புப் படையும் ரிசர்வ் காவல் படையும் ஒன்றியத்தின் ஆயுதப்படைகள் என்பதால் அந்தத் தீர்ப்பாயத்தில் சேராது. அவர்களுக்கும் உயர் நீதிமன்றம்தான். தகவல் உரிமைச் சட்டத்தில் கோப்புக் குறிப்புகளைக் கேட்கலாம் என்று எல்லோரும் சொல்வார்கள். மாநிலக் காவல் அலுவலகத்தில் பெரும்பாலும் பயன்படும். மத்தியப் படைகளுக்குச் சட்டத்தின் 24-ஆம் பிரிவு விலக்கு அளிக்கிறது. ஊழல், மனித உரிமை மீறல் பற்றிய தகவல் மட்டும் விதிவிலக்கு.

வழக்கில் ஜெயித்தால் அடுத்த நாளே சீருடை போடலாமா?

சில சமயம். பல சமயம் நீதிமன்றம் ஆணையை ரத்து செய்துவிட்டு, "முறையாக விசாரித்து முடிவு செய்ய அரசுக்கு உரிமை உண்டு" என்று ஒரு வரி சேர்க்கும். அப்போது ஆட்டம் முதலிலிருந்து தொடங்கும். குற்றக் குறிப்பாணை வரும், இந்த முறை நீங்கள் சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யலாம். இடைப்பட்ட காலச் சம்பளம் தானாக வராது, தனியாகக் கேட்டிருக்க வேண்டும். வழக்கு முடிய ஆண்டுகள் ஆகும் என்பதையும் வீட்டில் சொல்லி வையுங்கள்.

வழக்குப் போட மனமில்லை. வேறு அரசுத் தேர்வு எழுதலாமா?

சாதாரண விடுவிப்பு என்றால் எழுதலாம். பணியறவு என்றால் வருங்கால அரசு வேலைக்குப் பொதுவாகத் தடை. பணிநீக்கம் பொதுவாகத் தடையாகாது. உங்கள் தாளில் இந்த மூன்றில் எந்தச் சொல் இருக்கிறது என்று பாருங்கள். வயது வரம்பு ஓடிக்கொண்டே இருக்கும். புதிய படிவத்தில் "இதற்கு முன் அரசுப் பணியில் இருந்து விடுவிக்கப்பட்டீரா" என்று கேட்டிருந்தால் "ஆம்" என்று எழுதி, ஆணையின் ந.க.எண்ணையும் நாளையும் போடுங்கள்.